குறி சொல்கிறேன்: வாசகர் கேள்வி பதில்

போன இதழில் கல்வெட்டுக்கு மைப்படி எடுக்கும் விதத்தை, அதாவது கல்லில் தாளை ஒட்டி மை ஒற்றி எழுத்தைப் பிரதி எடுப்பதை எழுதியிருந்தேன். கடைசி வரியில் ஆசிரியர் குழுவினர், ‘பழைய குறிகள் பற்றிக் கேள்வி இருந்தால் அனுப்புங்கள்’ என்று தாங்களாக ஒன்றைச் சேர்த்துவிட்டார்கள். வந்து விழுந்ததில் பாதி, குறி என்றால் சோழி, கைரேகை என்று எடுத்துக்கொண்டவர்களின் கடிதம். மகளுக்கு எந்தத் திசையில் மாப்பிள்ளை அமையும் என்று கேட்ட அருப்புக்கோட்டை அம்மா மன்னிக்க வேண்டும். என் பெண்ணுக்கே நான் தரகர் வைத்துத்தான் பார்த்தேன். 34 வருடம் கல்லுக்கு முன்னால் தண்ணீர்க் குடமும் தூரிகையுமாக உட்கார்ந்திருந்தவன். எனக்குத் தெரிந்தது அந்தக் குறி மட்டும்தான். மீதிக் கடிதங்களில் சிலவற்றுக்கு இங்கே பதில்.

கேள்வி: எங்கள் தாத்தாவின் டிரங்குப் பெட்டியில் ஒரு பழைய நோட்டு கிடைத்தது. வரிக்கு வரி ௵, ௴, ௳, ௹, ௸ என்று விசித்திரமான குறிகள். ஒருவரிடம் காட்டினோம். சித்தர்கள் எழுதிய மந்திரக் குறிகள், கட்டை அவிழ்க்க 15,000 ரூபாய் ஆகும், அதுவரை பூஜை அறையில் வையுங்கள் என்கிறார். படம் இணைத்திருக்கிறேன். (ஒரு வாசகி, திண்டுக்கல்)

பதில்: பணத்தைக் கொடுத்துவிடாதீர்கள் அம்மா. ௵ என்றால் வருடம். ௴ மாதம். ௳ நாள். ௹ ரூபாய். ௶ பற்று, ௷ வரவு. ௸ என்றால் மேற்படி. கணக்குப்பிள்ளைகள் அவசரத்தில் எழுதி எழுதிச் சுருங்கிப்போன தமிழ்தான் இவ்வளவும். உங்கள் கைப்பேசியில்கூட இவை இருக்கின்றன. யூனிகோடில் தமிழுக்குக் கொடுத்த இடத்தின் கடைசி வரிசையில் போய்ப் பாருங்கள்.

நீங்கள் அனுப்பிய படத்தில் இரண்டாம் வரியில் ௹ போட்டு ௱௨௰ என்று இருக்கிறது. ௱ நூறு, ௨ இரண்டு, ௰ பத்து. நூற்று இரண்டு பத்து, அதாவது 120 ரூபாய். அடுத்த வரிகளில் ‘௸யார்’ என்று மூன்று தடவை வருகிறது. முதல் வரியில் கடன் வாங்கிய அதே ஆள் மறுபடியும் வந்து நிற்கிறார். மூன்று தடவையும் ௶ இருக்கிறது. ௷ ஒரே ஒரு தடவை, அதுவும் பதினைந்து ரூபாய்க்கு. தாத்தா வட்டிக்கு விட்டிருக்கிறார், இந்த ஒரு ஆளிடம் வசூல் பண்ணாமலே இருந்துவிட்டார். ஒரு விதத்தில் அதுவும் சித்தர் செய்கிற காரியம்தான்.

என் அப்பா ஒரு அரவை மில்லில் கணக்கு எழுதியவர். வீட்டுக்கு எழுதும் அஞ்சலட்டையிலும் ‘௸ விஷயமாக’ என்றுதான் ஆரம்பிப்பார். ஐம்பது, அறுபது வருடத்துக்கு முன்னால் சாதாரணக் கையெழுத்தாக இருந்தது, இன்று சித்தர் குறியாகிவிட்டது. ஒரு எழுத்தை மந்திரமாக்க வேண்டுமானால் இரண்டு தலைமுறை அதைப் படிக்காமல் விட்டால் போதும்.

நோட்டைப் பூஜை அறையிலேயே வையுங்கள், அதில் தப்பில்லை. கரையான் வராமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: ஸ்வஸ்திகா சின்னத்திலிருந்து 10 லட்சம் போவிஸ் சக்தி வெளிப்படுகிறது என்று வாஸ்துக் கடையில் பட்டியலே வைத்திருக்கிறார்கள். செம்புத் தகட்டின் விலை 2,400 ரூபாய். வாங்கலாமா? (கோயம்புத்தூர் வாசகர்)

பதில்: செம்பு நல்ல உலோகம். எடைக்கு எடை விலை கேட்டுப் பாருங்கள்.

போவிஸ் என்பது ஒரு பிரான்சுக்காரரின் பெயர். அவர் பெயரில் உள்ள இந்த அளவை அளக்க மின்கருவி எதுவும் கிடையாது. நூலில் குண்டு கட்டி ஒருவர் கையில் பிடித்திருப்பார். அளவுப் பட்டையின் மேல் அது எப்படி ஆடுகிறது என்று பார்த்து எண் சொல்வார். வோல்ட் மீட்டரை யார் பிடித்தாலும் ஒரே எண் காட்டும். குண்டு, பிடித்திருப்பவரின் நம்பிக்கையைக் காட்டும். கைத்தசை தன்னை அறியாமல் நுணுக்கமாக அசையும். அவர் ஏமாற்றுகிறார் என்று சொல்ல மாட்டேன், அவருக்கே அது தெரியாது.

இதை நான் வீட்டில் சோதித்திருக்கிறேன். ஊசல் பார்ப்பவர் ஒருவர் எனக்கு நல்ல பழக்கம். ஸ்வஸ்திகா வரைந்த காகிதத்தை மேசையில் விரித்து வைத்தபோது அவர் கைக்குண்டு மின்விசிறி மாதிரி சுற்றியது. பிறகு என் பேத்தி பக்கத்து அறையில் உட்கார்ந்து 12 உறைகளை ஒட்டினாள். ஆறில் சின்னம், ஆறில் வெறும் தாள். எது எது என்று எங்கள் இருவருக்கும் தெரியாது. பன்னிரண்டில் ஐந்தைச் சரியாகச் சொன்னார். காசைச் சுண்டிவிட்டிருந்தால்கூட ஆறு வந்திருக்கும். உறையின் பசை சக்தியைத் தடுத்துவிட்டது என்றார். அதற்கு மேல் நான் வாதாடவில்லை, வடை ஆறிக்கொண்டிருந்தது.

சக்தி வடிவத்திலேயே இருக்கிறது என்றால் எனக்கு ஒரு சந்தேகம். அதே நான்கு வளைந்த கைகள் சிந்துவெளி முத்திரையில் இருக்கின்றன. டிராய் நகரத்தைத் தோண்டியபோது கிடைத்த நூற்கும் தக்களியின் மண் வில்லையிலும் இருக்கின்றன. சமணர்களுக்கு அது தேவர், மனிதர், விலங்கு, நரகர் என்ற நான்கு பிறப்புகள். 1920-ல் நாஜிக் கட்சி அதைச் சாய்த்துக் கொடியில் போட்டது. நம் ஊர்க் கல்யாணப் பத்திரிகையில் மங்கலம், ஜெர்மனியில் அந்த நாஜிச் சின்னத்தைக் காட்டினால் வழக்கு. அங்கே வேலை பார்க்கும் என் அண்ணன் மகன் புதுக் கார் வாங்கியபோது மஞ்சளில் அதைப் போடலாமா என்று கேட்டு இரவு பன்னிரண்டு மணிக்கு என்னை எழுப்பினான். எலுமிச்சம்பழத்தோடு நிறுத்திக்கொள் என்றேன்.

ஸ்வஸ்திகாவுக்கு உண்மையிலேயே வேலை கொடுத்த இடம் ஒன்று பார்க்க வேண்டுமா? திருச்சிக்குப் பக்கத்தில் திருவெள்ளறை. பெருமாள் கோயிலுக்கு வெளியே சுமார் 1200 வருடத்துக்கு முன், பல்லவன் தந்திவர்மன் காலத்தில் கம்பன் அரையன் என்பவர் வெட்டிய கிணறு. நான்கு பக்கமும் படிகள் இறங்கி, ஒவ்வொன்றும் ஒரு மூலையில் திரும்புகின்றன. மேலிருந்து பார்த்தால் ஸ்வஸ்திகா. ஒரு துறையில் குளிப்பவர் அடுத்த துறையில் இருப்பவர் கண்ணில் பட மாட்டார். ஊரில் இதை மாமியார் மருமகள் கிணறு என்பார்கள். அங்கே பாட்டாகவே ஒரு கல்வெட்டு இருக்கிறது. மூப்பு வந்து தளரச் செய்வதற்கு முன்னால், இருப்பதை உண்ணுங்கள், மிஞ்சியதை உலகம் அறிய வையுங்கள் என்று. போவிஸ் எத்தனை என்று அந்த மனிதர் எழுதவில்லை.

கேள்வி: பிள்ளையார் சுழியில் பிரபஞ்ச ஆற்றல் அடங்கியிருக்கிறதா? (மன்னார்குடி)

பதில்: ஓலையும் எழுத்தாணியும் ஒழுங்காக இருக்கிறதா என்று சுழித்துப் பார்த்த பழக்கம் என்று சொல்பவர்கள் உண்டு. நான் ஒவ்வொரு மைப்படித் தாளின் பின்பக்கமும் பென்சிலால் போட்டுவிட்டுத்தான் கல்லில் ஒட்டுவேன். போடாத நாளில் தாள் கிழிந்திருக்கிறது. போட்ட நாளிலும் கிழிந்திருக்கிறது.

கேள்வி: நான் பன்னிரண்டு வருடம் ஆராய்ந்து ‘குறிவிசைக் கொள்கை’ என்ற ஒன்றை உருவாக்கியிருக்கிறேன். சுருக்கம்: எழுத்துக்கு முன் குறி, குறிக்கு முன் விசை. புள்ளி, கோடு, வளையம், முக்கோணம், சதுரம், சுழி, குறுக்குக்கோடு ஆகிய ஏழும் ஆதிக்குறிகள். இவற்றைக் கல்லில் கீறும்போது வெளியில் ஒரு பள்ளம் விழுகிறது, விசை அதில் தேங்குகிறது. முன்னோர் இதை அறிந்தே குறிகளை அர்த்தமில்லாமல் அமைத்தார்கள். அர்த்தம் வந்தால் விசை வடிந்துவிடும். கல்லை இடம் மாற்றினால் குறி செத்துவிடும். 18 பக்கக் கட்டுரை இணைப்பில். உங்கள் கருத்து? (தேவகோட்டை வாசகர்)

பதில்: 18 பக்கமும் படித்தேன். ஏழாம் பக்கப் படம் அழகாக இருக்கிறது, அளவுகோல் வைத்து வரைந்த கை. உங்கள் கொள்கையில் மூன்று விஷயம் பேச வேண்டும். ஒன்றில் நீங்கள் சொல்வது சரி, அதைக் கடைசியில் வைத்துக்கொள்கிறேன்.

‘அர்த்தம் வந்தால் விசை வடிந்துவிடும்’ என்று எழுதியிருக்கிறீர்கள். இதற்கு டெல்லியில் ஒரு தூண் சாட்சி. 14-ம் நூற்றாண்டில் ஃபிரோஸ் ஷா துக்ளக், தோப்ரா என்ற கிராமத்தில் நின்றிருந்த ஒற்றைக்கல் தூண் ஒன்றைப் பார்த்து ஆசைப்பட்டார். இலவம் பஞ்சை மெத்தையாகப் போட்டு அதன்மேல் சாய்த்தார்கள். 42 சக்கர வண்டியில் ஏற்றி யமுனைக் கரைக்கு இழுத்து, படகில் டெல்லிக்குக் கொண்டுவந்தார்கள். தூண் முழுக்க எழுத்து. பண்டிதர்களைக் கூப்பிட்டுக் கேட்டார், ஒருவருக்கும் படிக்கத் தெரியவில்லை. சிலர் மட்டும், ‘ஃபிரோஸ் ஷா என்ற சுல்தான் வரும்வரை இதை யாராலும் அசைக்க முடியாது என்று எழுதியிருக்கிறது’ என்றார்களாம். பிழைக்கத் தெரிந்தவர்கள்.

அப்புறம் ஏறக்குறைய ஐந்நூறு வருடம் அது மர்மத் தூண். 1837-ல் கல்கத்தா நாணயச் சாலை அதிகாரி ஜேம்ஸ் பிரின்செப், சாஞ்சித் தூபியில் இருந்த சின்னச் சின்னக் கல்வெட்டுகளைப் பார்த்துக்கொண்டிருந்தார். எல்லாமே ஒரே மாதிரி எழுத்துகளில் முடிந்தன. கோயிலில் ஆள் ஆளுக்கு ட்யூப் லைட் வாங்கிக் கொடுத்து அதில் ‘உபயம்’ என்று எழுதுகிறோமே, அந்த மாதிரி இருக்குமோ என்று அவருக்குப் பட்டது. ‘தானம்’ என்று வைத்துப் பார்த்தார், பூட்டு திறந்துவிட்டது. அதே எழுத்தில் இருந்த டெல்லித் தூணையும் படித்தார்கள். என்ன இருந்தது? கிளி, மைனா, வௌவால், முள்ளம்பன்றி இதையெல்லாம் கொல்லாதீர்கள். சாலை ஓரம் ஆலமரம் வைத்திருக்கிறேன், மனிதருக்கும் மாட்டுக்கும் நிழலாகும். கிணறு வெட்டியிருக்கிறேன். பேசுபவர் அசோகர்.

விசை வடிந்துவிட்டதா? எனக்கு அப்படித் தோன்றவில்லை. சுல்தான் வருவார் என்ற ஜோசியத்தைவிட, வௌவாலைப் பற்றிக் கவலைப்பட்ட ஒரு ராஜா எனக்கு ஆச்சரியமாக இருக்கிறார்.

இரண்டாவது, உங்களுக்கு முன்னால் இதே பாதையில் நடந்த ஒரு பெரியவர். அத்தனாசியஸ் கிர்ஷர், ஜெர்மனியில் பிறந்து ரோம் நகரில் வாழ்ந்த சேசு சபைத் துறவி, 17-ம் நூற்றாண்டு. எகிப்தியச் சித்திர எழுத்தைத் தெய்வ ரகசியம் அடைத்துவைத்த குறிகள் என்று நம்பி ஆயிரக்கணக்கான பக்கம் எழுதினார். ரோமில் சிற்பி பெர்னினி வடிவமைத்த ஒரு யானைச் சிலை இருக்கிறது, அதன் முதுகில் ஐந்தரை மீட்டர் உயர எகிப்தியத் தூண். அந்தத் தூணில் நீள்வட்டத்துக்குள் சில குறிகள். ஒசிரிஸ் தெய்வத்தின் நன்மைகளைச் சடங்குகளாலும் காவல் ஆவிகளின் சங்கிலியாலும் பெற்று நைல் நதியின் வளத்தை அடைய வேண்டும் என்கிற ரீதியில் கிர்ஷர் அதற்குப் பொருள் சொன்னார். 1822-ல் ஷாம்பொலியோன் என்ற பிரெஞ்சு அறிஞர் எகிப்திய எழுத்தைப் படிக்கும் வழியைக் கண்டுபிடித்த பிறகுதான் தெரிந்தது, நீள்வட்டத்துக்குள் இருப்பது ஆப்ரியஸ் என்ற அரசனின் பெயர். அவ்வளவுதான். வெறும் பெயர்.

கிர்ஷரைப் பார்த்துச் சிரிக்க வேண்டாம். எகிப்தின் காப்டிக் மொழி பழைய எகிப்திய மொழியின் வாரிசு என்று சரியாகப் பிடித்தவர் அவர். ஷாம்பொலியோனுக்குக் கை கொடுத்ததும் அந்தக் காப்டிக்தான். உழைப்பு வீண் போகவில்லை, மயக்கம்தான் வீண். உங்கள் பன்னிரண்டு வருடமும் அப்படித்தான். நீங்கள் செட்டிநாட்டு வீட்டுக் கதவுகளில் எடுத்த குறிகளின் பட்டியலில் ஊர், தெரு, எந்த மரம் என்றெல்லாம் குறித்திருக்கிறீர்களே, அது தங்கம். கொள்கையைத் தூக்கிப் பரண்மேல் போட்டுவிட்டுப் பட்டியலை அச்சில் கொண்டுவாருங்கள்.

இப்போது நீங்கள் சொன்ன சரியான விஷயம். ‘கல்லை இடம் மாற்றினால் குறி செத்துவிடும்.’ ஐயா, எந்த அகழாய்வுக் குழியில் போய்ச் சொன்னாலும் கையெழுத்து போடுவார்கள். குறி கீறிய பானை ஓடு ஒன்றை என் மேசையில் கொட்டினால் அது வெறும் ஓடு. எந்தக் குழி, எத்தனை சென்டிமீட்டர் ஆழம், பக்கத்தில் என்ன கிடந்தது என்று தெரிந்தால்தான் அது வாய் திறக்கும். நீங்கள் விசை என்கிறீர்கள், அவர்கள் மண்ணடுக்கு என்கிறார்கள்.

எனக்குப் பயம் ஒரு இடத்தில்தான். மதுரைப் பக்கம் ஒரு மலையில் குகைத்தளத்துக்குப் போனேன். ஊர்க்காரர்கள் பஞ்சபாண்டவர் படுக்கை என்பார்கள், உண்மையில் சமண முனிவர்களுக்கு வெட்டிய கற்படுக்கை. மேலே தமிழி என்கிற பழந்தமிழ் எழுத்தில் ஒரு பொறிப்பு. அதற்கு ஒரு முழம் தள்ளிப் பாறையில் துளை போட்டு வெடிமருந்து அடைத்திருந்தார்கள். குறி இருந்தால் புதையல் இருக்கும் என்று எவனோ சொல்லியிருக்கிறான். நல்ல வேளை, அது வெடிக்கவில்லை. அந்த எழுத்தில் இருந்தது யார் இந்தப் படுக்கையைச் செய்து கொடுத்தார் என்ற விவரம் மட்டும். படிக்கத் தெரிந்திருந்தால் அந்தத் துளை விழுந்திருக்காது. 18 பக்கக் கட்டுரையை நாலு பேர் நாலு விதமாகப் படிப்பார்கள், அதை யோசித்து அச்சுக்குக் கொடுங்கள்.

கேள்வி: எங்கள் ஊர்ச் சிவன் கோயில் அதிட்டானத்தில் (அடித்தளத்தில்) இரண்டு கூட்டல் குறிகள், நடுவே நீளமான கோடு. அதில் நெற்றியை வைத்தால் தலைவலி போகும் என்கிறார்கள். என்ன அது? (விழுப்புரம் மாவட்ட வாசகி)

பதில்: அளவுகோல். நிலம் அளக்கிற கோலின் நீளத்தை எல்லோரும் பார்க்கிற மாதிரி கோயிலில் வெட்டி வைப்பார்கள். பதினாறு சாண் கோல், பதினெட்டுச் சாண் கோல் என்று ஊருக்கு ஊர் மாறும். அளக்க வந்த அதிகாரி குட்டைக் கோலை வைத்து நிலத்தைக் கூட்டிக் காட்டினால், ‘வாரும் ஓய்’ என்று கோயிலுக்கு இழுத்துவந்து கோட்டோடு சேர்த்துவைத்துப் பார்க்கலாம். வரிச்சண்டையில் வரும் தலைவலிக்கு நிச்சயம் மருந்தாக இருந்திருக்கும். பக்கத்தில் எழுத்து இருந்தால் படம் எடுத்து அனுப்புங்கள். குங்குமம் அப்பியிருந்தால் வெறும் தண்ணீரும் மெல்லிய தூரிகையும் மட்டும் போதும். ஆசிட் ஊற்றாதீர்கள், தயவுசெய்து.

கேள்வி: ‘ஓம்’ என்று சொன்னால் மணல் தானாக ஸ்ரீசக்கரமாக அமைகிறது என்று விஞ்ஞானிகள் நிரூபித்த காணொளி பார்த்தேன். உண்மையா? (மலேசியா, ஈப்போ வாசகர்)

பதில்: ஒலியால் மணல் கோலம் போடும் என்பது உண்மை. 1787-ல் ஜெர்மானியர் க்ளாட்னி, உலோகத் தகட்டில் மணல் தூவி, வயலின் வில்லால் விளிம்பை உரசி இதைக் காட்டினார். தகடு அதிரும்போது சில இடம் துடிக்கும், சில இடம் அசையாமல் நிற்கும். மணல் துடிக்கிற இடத்திலிருந்து துள்ளிப் போய் அசையாத இடத்தில் ஒதுங்கும். 20-ம் நூற்றாண்டில் ஹான்ஸ் யென்னி என்ற சுவிட்சர்லாந்துக்காரர் நீர்மம், தூள் எல்லாவற்றையும் வைத்து அழகழகாகப் படம் எடுத்தார்.

ஆனால் என்ன உருவம் வரும் என்பது சுருதியையும் தகட்டின் வடிவத்தையும் பிடித்திருக்கும் இடத்தையும் பொறுத்தது, சொல்லைப் பொறுத்ததல்ல. நீங்கள் ஓம் சொல்வது ஒரு சுருதி, உங்கள் பேரன் சொல்வது இன்னொரு சுருதி. இருவருக்கும் ஒரே உருவம் வராது. அதே சுருதியில் ‘ஆம்’ என்று இழுத்தால் ஏறக்குறைய அதே மாதிரி ஒன்று வரும்.

ஸ்ரீசக்கரம் எவ்வளவு கஷ்டமானது தெரியுமா? மேல்நோக்கி நாலு முக்கோணம், கீழ்நோக்கி ஐந்து. ஒன்றையொன்று வெட்டி 43 சின்ன முக்கோணங்கள். தகட்டில் வெட்டும் ஒரு பெரியவர் வேலை செய்யும்போது பக்கத்தில் அரை நாள் உட்கார்ந்திருக்கிறேன். ‘மூணு கோடு ஒரே புள்ளியில விழணும், முடி அளவு தப்பினா அடுத்த கட்டத்துல பல்லைக் காட்டும்’ என்றார். முதல் தகட்டில் அன்றைக்குத் தப்பியது. பேசாமல் அதை உருக்கப் போட்டுவிட்டார். அந்தக் கையின் பெருமையைப் பிடுங்கி மணலுக்குக் கொடுப்பானேன்?

வாசல் கோலத்துக்கும் இதே கதி. ‘எதிர்மறை அலைகளை உறிஞ்சும்’ என்று பகிர்கிறார்கள். தாம்பரத்தில் சென்னை கிறித்தவக் கல்லூரியில் கிஃப்ட் சிரோமணியும் கூட இருந்தவர்களும் 1970-களிலேயே கோலத்தை எடுத்துக்கொண்டு, கணினிக்கான இலக்கண விதிகளாக எழுதிக் காட்டினார்கள். கையெடுக்காமல் புள்ளிகளைச் சுற்றி வரும் ஒரு கோட்டை, பள்ளிக்கூடம் போகாத பெண்கள் மனதுக்குள் வைத்திருந்தார்கள். எனக்கு அது போதும். நீங்கள் அலையும் வேண்டும் என்றால் வைத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: சிந்துவெளி எழுத்தைத் தியானத்தில் படித்துவிட்டேன். தமிழக அரசின் 10 லட்சம் டாலர் பரிசுக்கு எப்படி விண்ணப்பிப்பது? (பெயர் வேண்டாம், சேலம்)

பதில்: முதலில் வாழ்த்துகள். 2025 ஜனவரியில் பரிசு அறிவிப்பு வந்த நாளிலிருந்து எனக்குத் தெரிந்தே நீங்கள் ஏழாவது ஆள். அதில் ஒருவர் என் சம்பந்தி.

எழுத்தைப் படிப்பதில் உள்ள சிக்கல் இதுதான். சிந்துவெளி முத்திரையில் சராசரியாக ஐந்து குறிதான் இருக்கும். கல்வெட்டு அறிஞர் ஐராவதம் மகாதேவன் 1977-ல் வெளியிட்ட தொகுப்பில் தனித்தனிக் குறிகள் 417. ஐந்து குறிக்கு யார் வேண்டுமானாலும் ஒரு வாக்கியம் சொல்லலாம், கிர்ஷர் சொன்ன மாதிரி. எகிப்துக்குக் கிடைத்ததுபோல் ஒரே செய்தியை இரண்டு மொழியில் எழுதிய கல் இங்கே கிடைக்கவில்லை. மீன் குறியை ‘மீன்’ என்று படித்தால் நட்சத்திரத்துக்கும் அதே சொல் என்பது ஹீராஸ் பாதிரியார் தொடங்கிவைத்து, பின்லாந்து அறிஞர் பர்போலா வளர்த்த அழகான யோசனை. அழகு இருக்கிறது, முடிவு இன்னும் இல்லை.

ஆகவே ஒரு வேலை செய்யுங்கள். நீங்கள் இதுவரை பார்க்காத ஐம்பது முத்திரைகளை வேறு ஒருவர் எடுத்துத் தரட்டும். உங்கள் சாவி, ஒரு பல்லைக்கூட அரத்தால் ராவாமல், அவற்றையும் திறக்கிறதா பாருங்கள். தியானத்தில் கேட்டு ஒவ்வொன்றுக்கும் புதுச் சாவி செய்யக் கூடாது.

கீழடி ஓட்டுக் கீறலும் அதே எழுத்துதானே என்று பின்குறிப்பில் கேட்டிருக்கிறீர்கள். வடிவ ஒற்றுமை பற்றி ஆய்வாளர்கள் தீவிரமாகப் பார்த்துவருகிறார்கள், பார்க்கட்டும். எனக்கு அந்த ஓடுகளில் பிடித்தது வேறு. அங்கே கீறலோடு தமிழி எழுத்தில் ஆதன், குவிரன் என்று ஆள் பெயர்களும் இருக்கின்றன. உங்கள் வீட்டுச் சமையலறையில் எவர்சில்வர் அண்டாவைக் கவிழ்த்துப் பாருங்கள், உங்கள் மாமனார் பெயர் புள்ளி புள்ளியாக வெட்டியிருக்கும். சலவைக்குப் போட்ட வேட்டியின் ஓரத்தில் சேங்கொட்டை மையால் ஒரு குறி இருக்குமே, அதைப் பார்த்து வளர்ந்தவன் நான். எங்கள் வீட்டுக் குறி இரண்டு கோடும் ஒரு புள்ளியும். தேவகோட்டைக்காரர் பார்த்தால் ஆதிக்குறி என்பார்.

கேள்வி: எல்லாவற்றையும் இல்லை இல்லை என்கிறீர்கள். 34 வருடத்தில் ஒரு குறியைத் தொட்டபோதாவது உங்களுக்கு உடம்பு சிலிர்த்ததில்லையா? (நாகர்கோவில் வாசகர்)

பதில்: சிலிர்த்திருக்கிறது. அழகர்மலைக் குகைத்தளத்தில், முதல் தடவை. ஈரத்தாளை எழுத்தின் மேல் ஒட்டி, தூரிகையால் தட்டித் தட்டிப் பள்ளத்துக்குள் இறக்கி, மை ஒற்றினால், கறுப்பில் வெள்ளையாக எழுத்து மேலே வரும். என்னோடு வந்த அதிகாரி ஒவ்வொன்றாகப் படித்துச் சொன்னார். உப்பு வணிகன். கொழு வணிகன், கலப்பை நுனியில் போடும் இரும்பு விற்பவன். அறுவை வணிகன், துணிக்காரன். பொற்கொல்லன். சுமார் இரண்டாயிரம் வருடத்துக்கு முன்னால் மதுரைக் கடைத்தெரு ஆட்கள் காசு போட்டுக் கல் வெட்டிக் கொடுத்திருக்கிறார்கள். அன்று சாயங்காலம் கீழே இறங்கி வந்து உப்பு வாங்கும்போது கடைக்காரர் முகத்தைக் கொஞ்சம் கூடுதலாகப் பார்த்துவிட்டேன் போலிருக்கிறது. ‘என்ன சார், பாக்கி ஏதும் இருக்கா?’ என்றார்.

இன்னொன்று, புதுக்கோட்டைப் பக்கம் ஒரு வயல். நடுவில் முழங்கால் உயரக் கல், அதில் சூலம். சிவன் கோயிலுக்கு விட்ட நிலத்தின் எல்லையில் சூலக்கல் நடுவார்கள், பெருமாள் கோயில் என்றால் சக்கரம் வெட்டிய ஆழிக்கல். டிராக்டர் அந்தக் கல்லைச் சுற்றி வளைந்து வளைந்து உழுதிருந்தது. வருடா வருடம் அரை மரக்கால் நெல்லாவது நஷ்டம். ஏன் பிடுங்கவில்லை என்று அந்த விவசாயியிடம் கேட்டேன். ‘தொடக் கூடாதுங்க, தாத்தா சொல்லியிருக்காரு.’ யார் சொன்னது, ஏன் என்று தாத்தாவுக்கும் தெரியாதாம்.

கல்லின் பின்பக்கம் மண்ணுக்குள் நாலு வரி இருந்தது. தோண்டிக் கழுவினோம். இன்ன கோயிலுக்கு விளக்கெரிக்க விட்ட நிலம், சந்திரன் சூரியன் உள்ளவரை. இதை அழித்தவன் கங்கைக் கரையில் காராம்பசுவைக் கொன்ற பாவத்தில் போவான். அந்தக் கோயில் இருந்த தடமே இப்போது இல்லை, விளக்கு எப்போது அணைந்ததோ. வாசித்துக் காட்டினேன். அவர் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் கல்லையே பார்த்தார்.

‘அப்ப விளக்குக்குத்தானா?’ என்றார். மறுநாள் காலை மைப்படி உலர்ந்துவிட்டதா பார்க்கப் போனோம். கல்லுக்கு முன்னால் ஒரு அகல் இருந்தது, எண்ணெய் தீர்ந்து. அவர் ஆட்டுக்குட்டியைக் கட்டியிருந்ததும் அதே கல்லில்தான்.